என் தோளில் நான்கு விரல்கள்

பிற்பகல் இரண்டு ஐம்பது. தொலைக்காட்சி நிறுவனம் தன் இணையப் பக்கத்தில் என் படத்தைப் போட்ட நேரம் அது. வண்ணத்தை எடுத்துவிட்டுக் கறுப்பு வெள்ளையாக்கிய படம். சுற்றிலும் சந்தன மாலை. கீழே அசைந்தாடும் ஒரு விளக்குச் சுடர். ‘ஓம் சாந்தி. உங்கள் சிரிப்பை மறக்க மாட்டோம்’ என்று கன்னடத்தில் இரண்டு வரி. தொடரின் பெயர் இல்லை. நான் நடித்த பாத்திரத்தின் பெயரும் இல்லை. அதையெல்லாம் மாலைப் பதிவில் சொல்வதாகத் திட்டமாம். முதலில் சனங்களைப் பதற வைக்க வேண்டுமாம். அப்போதுதான் இரவு டிவி முன்னால் வந்து உட்காருவார்களாம்.

அந்த நேரத்தில் நான் கெங்கேரியைத் தாண்டி ஒரு பங்களாவின் கூடத்தில் படுத்திருந்தேன். யாரும் குடியிருக்காத, தொடர்களுக்கென்றே வாடகைக்கு விடும் வீடு அது. மூக்கில் பஞ்சு, நெற்றியில் காசு, கால் கட்டைவிரல்கள் இரண்டையும் சேர்த்துக் கட்டியிருந்தார்கள். கதாநாயகி என் மேல் விழுந்து அழுதுகொண்டிருந்தாள். தொடரில் அவள் என் மகள். என் சொந்த மகள் அதே நேரத்தில் லிங்கராஜபுரத்தில் எங்கள் மாடி வீட்டில் ஃபோனைக் கையில் வைத்துக்கொண்டு அந்தப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நடந்து சில மாதங்கள் ஆகின்றன. இப்போதும் அவள் குளியலறையில் கொஞ்சம் கூடுதலாக இருந்துவிட்டால் நான் போய்க் கதவைத் தட்டுகிறேன். “அப்பா, ப்ளீஸ், போப்பா” என்று உள்ளிருந்து குரல் வந்த பிறகுதான் அந்த இடத்தை விட்டு நகர்கிறேன்.

இந்தத் தொழிலுக்கு நான் வந்து இருபத்தைந்து வருடத்துக்கு மேல் இருக்கும். பி.காம். முடித்துவிட்டு ஒரு ஆடிட்டரிடம் வேலை பார்த்துக்கொண்டிருந்தவன். தமிழ், கன்னடம், தெலுங்கு மூன்றும் பேசுவேன் என்பதால் நண்பன் ஒருவன் டப்பிங்குக்கு அழைத்துப் போனான். குரல் கொடுக்கப் போனவனை ஒரு நாள், இன்ஸ்பெக்டர் வேடத்துக்கு ஆள் வரவில்லை என்று தொப்பி மாட்டி நிறுத்தினார்கள். தொப்பி பெரிதாக இருந்தது. உள்ளே காகிதத்தை மடித்து வைத்தார்கள். “யாரும் அசையக் கூடாது” என்று சொன்னேன். யாரும் அசையவில்லை. எனக்கு அது பிடித்துப் போயிற்று.

அதிலிருந்து நான் ஆகாத ஆள் இல்லை. ஆபரேஷன் அறையிலிருந்து வெளியே வந்து கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு தலையை ஆட்டும் டாக்டர் நான்தான். கோர்ட்டில் எழுந்து ஒரே ஒரு சொல் சொல்லிவிட்டு உட்காரும் வக்கீல் நான்தான். கல்யாணப் பந்தலில் தட்டைத் தூக்கி எறியும் மாப்பிள்ளையின் பெரியப்பாவும் நான்தான். இதற்குத் தொழிலில் ‘கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்’ என்று பெயர். போஸ்டரில் முகம் வராது, ஊரில் எல்லோருக்கும் முகம் தெரியும். பெயர் மட்டும் ஒருவருக்கும் தெரியாது. சிவாஜிநகர் பஸ் ஸ்டாண்டில் ஒருமுறை கறிக்கடைக்காரர் ஒருவர் என் கையைப் பிடித்து நிறுத்தினார்.

“சார், நீங்க அந்த... அட, அதுல வருவீங்களே...”

“ஆமாங்க, அதுதான்.”

“செத்துப் போவீங்களே சார்! சூப்பரா சாவீங்க!”

பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன். அவர் சொன்னது தப்பும் இல்லை. கேரக்டர் ஆர்ட்டிஸ்டின் முக்கியமான வேலையே சாவதுதான். கதை நின்றுபோனால் யாராவது சாக வேண்டும். கதாநாயகனைக் கொல்ல முடியாது, வில்லியைக் கொன்றால் தொடரே முடிந்துவிடும். மிச்சம் இருப்பது நாங்கள்.

அப்படிச் சாகிறவர்களுக்கென்று இந்தத் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவன் அப்படியே எழுந்து வீட்டுக்குப் போய்விடக் கூடாது. கடைசி ஷாட் முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து, கேமராவை நேராகப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அந்தச் சிரிப்பையும் நிஜமாகவே படம் பிடிப்பார்கள். எந்த எபிசோடிலும் வராது. சிரித்த பிறகு பூசணிக்காயைச் சுற்றிப் போட்டு உடைப்பார்கள். சாவு செட்டோடு போகட்டும், வீடு வரைக்கும் வர வேண்டாம் என்று அர்த்தம். என் மகள் சின்னவளாக இருந்தபோது, நான் வீட்டுக்குள் கால் வைக்குமுன் வாசலை மறித்துக்கொண்டு நிற்பாள்.

“இன்னிக்கு செத்தியாப்பா?”

“செத்தேன்டா.”

“சிரிச்சியா?”

“சிரிச்சேன்.”

“எப்படி? சிரிச்சுக் காட்டு.”

சிரித்துக் காட்டினால்தான் உள்ளே விடுவாள்.

அன்று அந்தச் சிரிப்பை எடுக்கவில்லை. கதாநாயகிக்கு மாலையில் வேறு எங்கேயோ கடைத் திறப்பு விழா. அவள் அழ வேண்டியதையெல்லாம் முதலில் எடுத்துவிடலாம் என்றார்கள். “சார், உங்க ஸ்மைலை லாஸ்ட்ல எடுத்துக்கலாம், நீங்கதான் நம்மவர் ஆச்சே” என்றான் அசோசியேட் டைரக்டர். முப்பது வயதிருக்கும் அவனுக்கு. இயக்குநரைவிட அவனுக்குத்தான் அவசரம். நம்மவர் என்றால் காத்திருக்கலாம் என்று பொருள். காலையிலிருந்து நான் சிரிக்காத பிணமாகக் கிடந்தேன்.

இன்னொரு வழக்கத்தையும் சொல்ல வேண்டும், எல்லாம் அதிலிருந்துதான் வந்தது. ஒரு பாத்திரம் செத்தால் சுவரில் மாலை போட்ட படம் மாட்ட வேண்டும். கதாநாயகனின் அப்பாவாக நடிப்பவர் பெரிய நடிகர் என்றால் அதற்கென்று போட்டோகிராபரை வரவழைத்து, பட்டுச் சட்டை போட்டு எடுப்பார்கள். எங்களுக்கு அதெல்லாம் கிடையாது. “சார், மனேயிந்த ஒந்து ஃபோட்டோ களிசி” என்பார்கள். வீட்டிலிருந்து ஒரு படம் அனுப்புங்கள், அவ்வளவுதான். நானும் ஒவ்வொரு சாவுக்கும் வீட்டிலிருந்துதான் அனுப்பிக்கொண்டிருந்தேன். இந்தமுறை அனுப்பியது, மகள் கல்லூரியில் சேர்ந்த அன்று வீட்டு வாசலில் மனைவி எடுத்த படம். மகள் எனக்காக வாங்கிக் கொடுத்த நீலக் கட்டம் போட்ட சட்டையில் நான் நிற்கிறேன். பக்கத்தில் அவள், என் தோளில் கையைப் போட்டுக்கொண்டு. ப்ரொடக்‌ஷனில் அவளை வெட்டி எடுத்துவிட்டார்கள். சரியாக வெட்டத் தெரியவில்லை. என் இடது தோளில் அவளுடைய நான்கு விரல்கள் அப்படியே இருந்தன.

தொடரின் காட்சியில் வரும் என் முகத்தைப் போட்டிருந்தால் அவள் சிரித்துவிட்டு நகர்ந்திருப்பாள். பிறந்ததிலிருந்து பார்க்கிறாள், அவளுக்கு அது தெரியும். ஆனால் அவள் பார்த்தது எங்கள் வீட்டு வாசல். அவள் வாங்கின சட்டை. மாலைக்குக் கீழே அவள் விரல்கள்.

உடனே எனக்கு ஃபோன் செய்திருக்கிறாள். ஸ்விட்ச்டு ஆஃப். ஏனென்றால் கதை வெளியே கசியக் கூடாது என்று செட்டுக்குள் நுழையும்போதே நடிகர்களின் ஃபோனை அணைத்து ஒரு பையில் போட்டு வாங்கிக்கொள்வார்கள். இப்போதும் இதை நினைத்தால் பல்லைக் கடிக்கிறேன். கதையைக் கசிய விடாதே என்று என் ஃபோனைப் பிடுங்கி வைத்தவர்கள், என் சாவை ஊருக்கெல்லாம் அறிவித்திருக்கிறார்கள்.

எனக்கு விஷயம் தெரிந்தது மேக்கப்காரர் மூலம். விவேக் நகர்க்காரர், என்னோடு பல வருடப் பழக்கம். கதாநாயகி கிளிசரின் போட்டுக்கொள்ளப் போன இடைவெளியில் என் முகத்துக்குப் பவுடர் ஒற்ற வந்தவர் குனிந்து காதோரம் சொன்னார்.

“அண்ணே, சிரிச்சுடாதீங்க, பஞ்சு விழுந்துடும். நீங்க செத்துட்டீங்கன்னு வெளிய ஒரே அமர்க்களம். என் தங்கச்சி ஃபோன்ல அழுவுது.”

“என்னய்யா சொல்ற?”

“சேனல்காரன் போட்டுருக்கான். இதோ பாருங்க.”

பிணம் கண்ணைத் திறந்து பார்த்தது. சுற்றி நின்ற லைட்காரர்கள் சிரித்தார்கள். “சார் வைரல், சார்!” என்றான் ஒருவன். நானும் ஒரு நொடி சிரிக்கத்தான் பார்த்தேன். பிறகு அந்த விரல்கள் கண்ணில் பட்டன.

என் மகளுக்கு வலிப்பு உண்டு. பியுசி இரண்டாம் வருட, அதாவது பிளஸ் டூ, தேர்வு நேரத்தில் முதன்முதலாக வந்தது. ஆஸ்பத்திரியில் அவர்கள் விரல் வைத்துக் காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன். எதற்கென்று படிக்கவில்லை. அவள் கட்டிலில் படுத்தபடி அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். டாக்டராக எத்தனையோ முறை நடித்த என்னால் நிஜ டாக்டரின் முன்னால் வாயைத் திறக்க முடியவில்லை. தூக்கம் கெடக் கூடாது, மாத்திரை தவறக் கூடாது, பெரிய அதிர்ச்சி ஆகாது, இப்போதைக்கு வண்டி ஓட்டவே கூடாது என்றார். அதற்குப் பிறகு ஒரு வருடத்துக்கு மேல் வரவில்லை. வரவில்லை என்பதால் பயம் போய்விடுவதில்லை. வராத ஒவ்வொரு நாளும் இன்றைக்கு வரலாம் என்றுதான் எனக்குத் தோன்றும்.

கட்டைவிரல் கட்டை அவிழ்க்கத் தோன்றாமல், படுத்தபடியே மேக்கப்காரரின் ஃபோனிலிருந்து மகளுக்கு அடித்தேன். மணி போய்க்கொண்டே இருந்தது. எடுக்கவில்லை. கீழ்வீட்டு அம்மாவுக்கு அடித்தேன். கணவரை இழந்தவர், ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவர், எங்கள் வீட்டுக்கும் ஒரு சாவி வைத்திருப்பவர்.

“ஹலோ, நான்தாங்க பேசறேன், மாடி வீட்டு...”

“ஏசுவே! ஏசுவே! யாரு? யாரு பேசறது?”

“நான்தாங்க. எனக்கு ஒண்ணும் ஆகலை. அது நாடகம். பாப்பா எங்க?”

“அய்யோ சாமி, நான் சேர் போடச் சொல்லி ஆளு அனுப்பிட்டேனே! பந்தல்காரன் வந்து நிக்கறான். டீக்குப் பாலு வாங்கி வெச்சிருக்கேன்!”

“பாப்பா எங்கங்க?”

அவர் குரல் இறங்கியது. “அவ போய்ட்டாளே. கத்திட்டே எறங்கி வந்தா. அப்பா அப்பான்னு. நான் கையப் பிடிச்சேன், உதறிட்டு உங்க ஸ்கூட்டர எடுத்துட்டா. இப்பதான் உங்க வீட்ல ஃபோன் அடிச்சுது. மேல அடிச்சுட்டே இருந்துச்சு, அது அவ ஃபோனுதான். எடுக்காமலே போய்ட்டா.”

ஸ்கூட்டர். ஃபோன் இல்லாமல். லிங்கராஜபுரத்திலிருந்து கெங்கேரி என்றால் ஊரின் ஒரு முனையிலிருந்து மறுமுனை. மைசூர் ரோட்டில் லாரிகளுக்கு நடுவில்.

எழுந்து உட்கார்ந்தேன். நெற்றிக் காசு தரையில் விழுந்து உருண்டது.

“சார், சார், பொசிஷன்!” என்று அசோசியேட் ஓடி வந்தான். “மேடம் ரெடி. ஒரே க்ளோஸ், முடிஞ்சுடும்.”

“என் பொண்ணு கிளம்பி வந்துட்டிருக்கா. நான் செத்துட்டேன்னு நெனச்சுட்டு.”

“யாக்கே சார், ஏன் டென்ஷன்? இங்க வந்தா பாத்துக்கப் போறாங்க. நீங்க உயிரோடதானே இருக்கீங்க?”

அவனை அடித்திருப்பேன். காலைக் கட்டியிருந்தார்கள்.

மனைவி தனியார் ஆஸ்பத்திரி ஒன்றில் ஸ்டாஃப் நர்ஸ். பணியில் ஃபோனை லாக்கரில் வைத்துவிடுவாள், அதனால் அவளுக்கு எதுவும் தெரிந்திருக்கவில்லை. வார்டு ஃபோனுக்கு அடித்துக் கூப்பிடச் சொன்னேன். நடந்ததைச் சொன்னேன். அவள் கத்தவில்லை. வேலையில் அவள் கத்தவே மாட்டாள், அது எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

“காலைல மாத்திரை போட்டாளா?”

“தெரியல. நான் ஆறு மணிக்கே வந்துட்டேன்.”

“ஸ்கூட்டரா?”

“ஸ்கூட்டர்தான்.”

யாரிடமோ ஒரு பேனா கேட்டாள். பிறகு சொன்னாள்: “நீங்க அங்கயே இருங்க. எங்கயும் போகாதீங்க. ஷூட்டிங் எங்கன்னு அவளுக்குத் தெரியும், அங்கதான் வருவா. அவ வர்றப்ப நீங்க அங்க இல்லன்னா...” அதற்கு மேல் சொல்லவில்லை. “நான் வழியில இருக்கற ஆஸ்பத்திரிங்களுக்கு ஃபோன் பண்ணிப் பாக்கறேன்” என்று வைத்துவிட்டாள்.

ஆகவே நான் இருந்தேன். தேடிப் போக முடியாது. எந்தச் சாலையில் வருகிறாள் என்று தெரியாது, போனால் எதிரெதிரே கடந்துவிடுவோம். செத்தவனின் வேட்டியோடு, செத்தவனின் வீட்டு வாசலில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்தேன். ஒவ்வொரு வண்டிச் சத்தத்துக்கும் எழுந்து நின்றேன். மேக்கப்காரர் தன் ஃபோனை என் கையிலேயே விட்டுவிட்டார். அதில் எனக்கு அஞ்சலிகள் வந்துகொண்டிருந்தன. என்னோடு ஒரே வண்டியில் பல வருடம் போன நடிகர் ஒருவர் குரூப்பில் எழுதியிருந்தார்: நல்ல மனிதர், கடைசிவரை அவருக்கு உரிய இடம் கிடைக்கவில்லை. இருந்தபோது ஒரு நாளும் சொல்லாத வார்த்தை. காவிரித் தகராறு நாட்களில் ‘தமிழ் ஆளு, கொஞ்ச நாள் வராம இருக்கச் சொல்லுங்க’ என்று யூனிட்டுக்குச் சொன்னவர் அவர்தான். அவரும் கைகூப்பிய பொம்மை போட்டிருந்தார்.

இயக்குநர் வெளியே வந்தார். நல்ல மனிதர் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். என் தோளில் கை வைத்து, “சார், ஜனங்க இவ்வளவு பதறறாங்கன்னா உங்க கேரக்டர் ரீச் ஆயிருக்குன்னு அர்த்தம்” என்றார்.

“முதல்ல அந்தப் படத்தை எடுக்கச் சொல்லுங்க.”

“சொல்லிட்டேன். மும்பை ஹெட் ஆபீஸ்ல அப்ரூவல் வாங்கணுமாம். ஒரு அரை மணி நேரம்.”

என்னைக் கொல்ல அவர்களுக்கு அப்ரூவல் ஒரு நிமிடத்தில் கிடைத்திருக்கிறது. உயிர்ப்பிக்கத்தான் மும்பை வரை போக வேண்டும்.

சேனலின் டிஜிட்டல் பிரிவில் இருக்கும் பெண் ஒருத்தியை அழைத்து, பேசச் சொல்லி என்னிடம் தன் ஃபோனைக் கொடுத்தார். இனிமையான குரல். “அங்கிள், ரொம்ப சாரி. ஆனா செம ரெஸ்பான்ஸ்! நீங்க ஒரு சின்ன வீடியோ குடுத்துடுங்களேன். சிரிச்சுட்டே, ‘நான் நல்லா இருக்கேன், இன்னிக்கு நைட் மறக்காம பாருங்க’ன்னு. இன்னும் நல்லாப் போகும்.”

சீரியலில் வசனத்தை நாங்கள் மனப்பாடம் செய்வதில்லை. கேமராவுக்குப் பின்னால் ஒரு ஆள் நின்று எடுத்துக்கொடுப்பார், நாங்கள் திருப்பிச் சொல்வோம். எத்தனையோ வருடமாக என் கோபமெல்லாம் யாரோ எடுத்துக்கொடுத்த கோபம். அன்று எடுத்துக்கொடுக்க ஆள் இல்லை.  அழைப்பைத் துண்டித்து ஃபோனை இயக்குநர் கையில் கொடுத்தேன். உள்ளே போனேன்.

உள்ளே அடுத்த காட்சி நடந்துகொண்டிருந்தது. நான் எழுந்து போய்விட்டதால் நேரத்தை வீணாக்காமல் என் பதினோராம் நாள் காரியத்தைத் தொடங்கிவிட்டார்கள். கதாநாயகி வெள்ளைச் சேலையில் நின்றிருந்தாள். சுவரில் என் படம், மாலையோடு. அந்த நான்கு விரல்களின் மேல் சரியாக ஊதுவத்திப் புகை போய்க்கொண்டிருந்தது. “அப்பா, என்னைத் தனியா விட்டுட்டுப் போய்ட்டீங்களே” என்று அவள் அந்தப் படத்தைத் தொட்டாள். அவள் விரல் என் மகளின் விரல் மேல் பட்டது.

நேராக ஃப்ரேமுக்குள் நடந்தேன். “கட்! கட்!” என்று கத்தினார்கள். செத்தவன் தன் காரியத்துக்கே வந்து நிற்பதைப் பார்த்துக் கதாநாயகி விலகிப் போனாள். மாலையைப் பிடித்து இழுத்தேன். சந்தன மாலை அவ்வளவு எளிதில் அறாது. இரண்டு கையாலும் இழுத்து அறுத்தேன். படத்தை ஆணியோடு பிடுங்கினேன்.

“சார், கன்டினியூட்டி சார்! மேடம் அந்தப் படத்தைத் தொட்டாச்சு!” அசோசியேட்டுக்கு அழுகை வந்துவிடும் போல இருந்தது.

“இது உங்க கன்டினியூட்டி இல்லடா. இது என் பொண்ணு கை.”

“சார், எங்களுக்கு எப்படித் தெரியும்? நீங்கதானே அனுப்பினீங்க?”

நான்தான் அனுப்பினேன். ஆமாம். எங்களை ஒரு படம் எடுக்கக்கூட உங்களுக்கு மனம் வராததால் அனுப்பினேன். உங்கள் தொடரில் நான் போடும் செருப்பு என் செருப்பு, கட்டும் கடிகாரம் என் கடிகாரம். அப்பாவாக நடிக்கும்போது என் மகளிடம் பேசும் தொனியையும் கொண்டுவந்து கொடுத்தேன். இதையெல்லாம் அவனிடம் சொன்னேனா, மனதுக்குள்தான் சொன்னேனா என்று இப்போது நிச்சயமாகத் தெரியவில்லை. சத்தமாகத்தான் சொல்லியிருப்பேன். லைட்காரர்கள் யாரும் சிரிக்கவில்லை. மேக்கப்காரர் வந்து என் முழங்கையைப் பிடித்தார். “வாங்கண்ணே, வெளிய உக்காருவோம். அவ வந்துடுவா.”

வெளியே மழை தொடங்கியிருந்தது. படத்தை மடியில் கவிழ்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். மனைவி மறுபடி அழைத்தாள். கேட்ட ஆஸ்பத்திரி எதிலும் இல்லை என்றாள். அது நல்ல செய்தியா என்று இருவருமே கேட்டுக்கொள்ளவில்லை. ஈரச் சாலையில் விழுந்து கிடக்கும் ஸ்கூட்டர் ஒன்று என் கண்முன்னால் வந்துகொண்டே இருந்தது, சக்கரம் மட்டும் சுற்றிக்கொண்டு. அப்படி ஒரு ஷாட்டில் எத்தனை முறை இன்ஸ்பெக்டராக நின்று ஹெல்மெட்டைக் குனிந்து எடுத்திருக்கிறேன் என்று நினைத்தேன். நினைக்கக் கூடாது என்று நினைத்தேன்.

அசோசியேட் குடையோடு வந்தான். முகத்தில் வேறு ஒரு பணிவு. பதிவை எடுத்துவிட்டார்களாம். ஆனால் அந்த வீடியோ கட்டாயம் வேண்டும் என்று சேனல் சொல்கிறதாம். “எப்படியும் உங்க சிரிப்பு ஷாட் பாக்கி இருக்கே சார். ரெண்டும் ஒண்ணா முடிஞ்சுடும். பூசணிக்காய்கூட வாங்கி வெச்சிருக்கு.”

“போய்யா” என்றேன்.

அவன் போகவில்லை. அப்போதுதான் கேட் திறந்தது.

நடந்து வந்தாள். முழுக்க நனைந்து, ஒரு கையில் ஹெல்மெட்டைப் பிடித்துக்கொண்டு. ஸ்கூட்டர் இல்லை. பையப்பனஹள்ளி வரை ஓட்டி வந்தவளுக்குத் தலைக்குள் ஏதோ வெளிச்சம் மின்னுவது போலிருந்ததாம். வண்டியை மெட்ரோ வாசலில் அப்படியே விட்டுவிட்டு ரயிலேறியிருக்கிறாள். கெங்கேரியில் இறங்கி, ஆட்டோ எதுவும் நிற்காமல், மழையில் நடந்தே வந்திருக்கிறாள். இதெல்லாம் பிறகு சொன்னது. அப்போது வேட்டி கட்டி, முகத்தில் பிணத்துக்குப் பூசும் வெளிர் பூச்சோடு எழுந்து நின்ற என்னைப் பார்த்தாள். ஓடி வரவில்லை. அழவில்லை. நான் நிற்பதை அவள் கண் பார்த்துவிட்டது, ஆனால் மற்ற உடம்புக்கு அந்தச் செய்தி இன்னும் போய்ச் சேரவில்லை என்பது போல அதே நடையில் வந்தாள்.

“பாப்பா” என்றேன். “சும்மாடா. நாடகம்டா.”

அவள் பார்வை என் முகத்தை விட்டு இறங்கி என் கையில் இருந்த படத்தின் மேல் நின்றது.

அசோசியேட்டின் முகம் மலர்ந்தது. “அய்யோ, மகளே வந்துட்டாங்க! சார், இது இன்னும் சூப்பர். அம்மா, நீங்க அப்பா பக்கத்துல நில்லுங்க. தோள்ல கை போட்டு, அந்த ஃபோட்டோல இருக்கற மாதிரியே. ரெண்டு பேரும் ஒரே ஒரு சிரிப்பு.” ஃபோனை உயர்த்திப் பிடித்தான்.

அவள் அவன் பக்கம் திரும்பினாள். ரயிலில் வரும் வழியெல்லாம் உதட்டுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்த வாக்கியமாம் அது. வேறு எதையும் அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. ஆஸ்பத்திரி கவுன்டரில் நிற்பவளைப் போல, நிதானமாக, ஒரு சொல் பிசகாமல் அவனிடம் சொன்னாள்:

“நான் அவரோட பொண்ணு. எங்கப்பாவ எடுத்துட்டுப் போக வந்திருக்கேன். எங்க கையெழுத்துப் போடணும்?”